இருமல் வராத ஏறுமுகக் கீர்த்தனை

இந்தக் கதையை எனக்கு முதன்முதலில் சொன்னவள் தங்கபுஷ்பம் மதினி. போன மாசி மாதம் ஒரு செவ்வாய்க்கிழமை, மாவு மில்லில் மிளகாய் அரைக்க வரிசையில் நின்றபோது சொன்னாள். எங்களுக்கு முன்னால் பதினோரு தூக்குவாளி இருந்தது, அவளுக்கும் அவசரமில்லை, எனக்கும் அவசரமில்லை. அவளுக்கு யார் சொன்னார்கள் என்று நான் கேட்கவில்லை. சாமி காரியம் மாதிரி இருந்ததால் வாயை மூடிக்கொண்டு கேட்டேன். மறந்துபோன இடங்களை நானே போட்டு நிரப்பியிருக்கிறேன், அம்மன் பொறுத்துக்கொள்வாள்.

வெண்முகில்பட்டி என்று ஒரு ஊர், அது ஆகாயத்தில் இருந்தது. ஆகாயத்தில் ஊர் என்றதும் ரொம்பப் பெரிதாக நினைத்துக்கொள்ள வேண்டாம். முந்நூறு வீடு, ஒரு அம்மன் கோயில், ஒரு பள்ளிக்கூடம், பஞ்சாயத்து ஆபீஸ், முடிவெட்டுகிற கடை, எல்லாம் ஒரு பெரிய வெள்ளை மேகத்தின் மேல் மண் போட்டு மெழுகி, நம்மைப்போலவே காலையில் தண்ணீர் தெளித்து, கோலம் போட்டு, பால்காரரோடு சண்டை போட்டு வாழ்ந்துகொண்டிருந்தார்கள். அடியில் என்ன இருக்கிறது என்று யாரும் எட்டிப் பார்ப்பதில்லை. நாம் நம் வீட்டு அஸ்திவாரத்தைத் தோண்டியா பார்க்கிறோம்?

ஒரே ஒரு சங்கடம், அந்த ஊர் வருஷத்துக்கு ஒரு பனை உயரம் கீழே இறங்கிவிடும். இறங்காமல் என்ன செய்யும், வீட்டுக்கு வீடு பீரோ, கிரைண்டர், ஊறுகாய் ஜாடி, மகள் கல்யாணத்துக்கென்று பரணில் அடுக்கிய பித்தளை அண்டா, யாரும் ஒன்றையும் தூக்கிப் போடுவதில்லை, மேகமும் பாவம் எவ்வளவுதான் தாங்கும். அதனால் ஒவ்வொரு சித்திரை முதல் தேதியும் காலையில் ஊரே குளித்து முழுகி அம்மன் கோயில் முன்னால் கூடும், ஒருத்தர் நின்று ஏறுமுகக் கீர்த்தனையைப் பாடுவார், பாடப்பாட ஊர் மெல்ல மேலே எழும்பும், இழந்த ஒரு பனை உயரத்தையும் திரும்ப ஏறி, பக்கத்தில் மேகத்தைத் துளைத்துக்கொண்டு நிற்கிற கூர்மலையின் உச்சிக்கு நேராக வந்து நிற்கும். பிறகு எல்லாரும் பானகம் குடித்துவிட்டு வீட்டுக்குப் போவார்கள்.

அந்தக் கீர்த்தனையைச் செய்தவர் கொண்டல்சாமி, அவர் போய் முந்நூறு வருஷம் இருக்கும். பல்லவி, அனுபல்லவி, மூன்று சரணம். மூன்றாவது சரணம் முடிகிற இடத்தில், ஊர் உச்சிக்கு நேராக வருகிற சமயம் பார்த்து, பாடுகிறவர் இரண்டு தடவை இரும வேண்டும். இருமினால் ஊர் நிற்கும். செப்புத்தகட்டில் அப்படித்தான் வெட்டியிருந்தது: "இங்கே இருமல், இரண்டு." கொண்டல்சாமி முதல்முதலாகப் பாடிய அன்றைக்கு அவருக்குச் சளி பிடித்திருந்தது, அவ்வளவுதான் விஷயம். ஆனால் அவருடைய சீடர்கள் குரு பக்தி உள்ளவர்கள், கேட்டது ஒன்றையும் விடாமல் எழுதி வைத்தார்கள். அவர் நடுவில் ஈ விரட்டியதுகூட இரண்டாவது சரணத்தில் ஒரு கை அசைவாக இன்றைக்கும் இருக்கிறது.

அதனால் அந்த ஊரில் பாடகரைத் தேர்ந்தெடுக்கும்போது குரலை யாரும் பெரிதாகப் பார்ப்பதில்லை. இருமல்தான். அதிலும் இரண்டு கட்சி. கொண்டல்சாமி இருமியது வறட்டு இருமல் என்பவர்கள் வறட்டுக் கட்சி, அதற்குத் தலைவர் ஆறுமுகநயினார். சளி இருமல்தான் என்பவர்கள் சளிக் கட்சி, அதற்குச் சொரிமுத்து அண்ணாச்சி. இரண்டு பேரும் ஒரே தெருவில் எதிரெதிர் வீடு, நாற்பது வருஷமாகப் பேச்சுவார்த்தை கிடையாது, வாசலில் உட்கார்ந்து ஒருவரைப் பார்த்து ஒருவர் அவரவர் கட்சிப்படி இருமிக்கொள்வதோடு சரி. ஊரில் பெண் கொடுப்பது எடுப்பதுகூட கட்சி பார்த்துத்தான்.

இரண்டு கட்சிக்கும் பொதுவாக வந்து வாய்த்தவள் செண்பகவடிவு. அவளுடைய இருமல் முதலில் வறட்டாகக் கிளம்பி, முடிகிறபோது லேசாகச் சளி தட்டும். செம்புக்குள் கூழாங்கல் போட்டு ஆட்டினதுபோல அவ்வளவு சுத்தமாக இருக்கும். ஏழு வருஷமாக அவள்தான் பாடினாள். பாடகி சித்திரைக்கு முந்தின ஒரு மாதம் மருந்து மாத்திரை தொடக்கூடாது, இஞ்சி, மிளகு, துளசி எதுவும் கூடாது, அது கட்டுப்பாடு. அவளும் ஏழு வருஷமாகத் தொடவில்லை.

எட்டாவது வருஷம் அவள் மகள் பொற்கொடிக்குத் தலைப்பிரசவம். பொற்கொடியைக் கட்டிக்கொடுத்தது ஈரங்கோட்டையில். அது தாழ்வான மழைமேகத்து ஊர், நல்ல மனுஷர்கள், ஆனால் வீட்டில் உப்பு ஜாடியைக் கவிழ்த்தால் தண்ணீராகத்தான் ஊற்றும். சித்திரை நாலாம் தேதி மருமகளை அம்மா வீட்டுக்கு அனுப்பி வைப்பதாகச் சம்பந்தி அம்மாள் வெயிலம்மாள் சொல்லியிருந்தாள். செண்பகவடிவு தொட்டிலைத் தேய்த்துக் கழுவினாள், பழைய வேட்டியைக் கிழித்துத் துவைத்துக் காயப்போட்டாள், சாமி படத்துக்கு முன்னால் நின்று, "தாயே, எம் பிள்ளைக்கு ஒரு குறையும் வராமப் பாத்துக்கோ" என்று கண்ணை மூடினாள், கண்ணை மூடின உடனே இருமல் வந்தது. அப்போதுதான் அவளுக்கு அந்த நினைப்பு வந்தது. பச்சைக் குழந்தைக்குப் பக்கத்தில் உட்கார்ந்து இப்படியா இருமிக்கொண்டிருப்பது? பிள்ளைக்கு ஒட்டிக்கொண்டால்?

ஊருக்குத் தெரியாமல் ஆடாதோடை இலையும் தூதுவளையும் பறித்து, சுண்டக் காய்ச்சி, தேன் கலந்து குடித்தாள். குழந்தை வருவதற்குள் பாதியாவது குறையட்டும், கீர்த்தனைக்கு மீதிப் பாதி போதும் என்று கணக்குப் போட்டாள். ஆனால் மருந்துக்கு அந்தக் கணக்கு தெரியவில்லை.

சித்திரை முதல் தேதி பாட நின்றாள். பல்லவியில் ஊர் லேசாகக் குலுங்கியது, அனுபல்லவியில் கொடியில் கிடந்த துணியெல்லாம் படபடத்தது, இரண்டாவது சரணத்தில் ஈ விரட்டினாள், மூன்றாவது சரணத்தில் ஊர் சரியாகக் கூர்மலை உச்சிக்கு வந்தது, எல்லாரும் கையைக் கூப்பிக்கொண்டு காத்திருந்தார்கள். இருமல் வரவில்லை. "க்கும்" என்று ஒரு செருமல் செருமினாள். அது தொண்டையில் வந்தது, நெஞ்சில் இருந்து வரவில்லை, ஊருக்கு அந்த வித்தியாசம் தெரியாமலா இருக்கும்? கூர்மலை உச்சி மெதுவாகக் கீழே இறங்கிப் போனது. கோயில் பூசாரிதான் முதலில் பார்த்தார். "மலை எங்கே போகுது?" என்று கேட்டார்.

கீர்த்தனை முடியவில்லை, அதனால் ஊரும் நிற்கவில்லை. அவ்வளவுதான். பானகத்தைக் குடித்துவிட்டு எல்லாரும் வீட்டுக்குப் போனார்கள்.

முதல் நாள் ஊரில் சந்தோஷம்தான். வெயில் பக்கத்தில் வந்துவிட்டதால் அப்பளம் பரப்பி முடிப்பதற்குள் முதல் அப்பளம் காய்ந்துவிட்டது, வடகம் பிழிகிற கையிலேயே காய்ந்தது, மூட்டுவலிக்காரர்கள் எல்லாம் எழுந்து நடந்தார்கள். இரண்டாம் நாள் அரிசி வேகவில்லை. உலை கொதிக்கிறது, சோறு கொட்டைகொட்டையாக நிற்கிறது, பருப்பு கேட்கவே வேண்டாம். நிழலில் குளிர் ஏறி, தேங்காய் எண்ணெய் பாட்டிலுக்குள் கல்லாகிவிட்டது, பெண்கள் கம்பியால் குத்தி எடுத்துத் தலைக்கு வைத்துக்கொண்டார்கள். மூச்சு போதாததால் தெருச்சண்டைகள் பாதியில் நின்றன, மீதியைச் சீட்டில் எழுதி எதிர் வீட்டுக்குக் கொடுத்தனுப்பினார்கள். "ஊர் ஏறிக்கொண்டிருப்பதால் பள்ளிக்கூடம் அரை நாள்" என்று பஞ்சாயத்தில் போர்டு எழுதி வைத்தார்கள். இப்படி எழுதி வைத்ததும் எல்லாருக்கும் மனசு சமாதானமாகிவிட்டது, போர்டு வந்துவிட்டதென்றால் அது சாதாரண விஷயம்தானே.

செண்பகவடிவுக்கு மட்டும் சமாதானம் இல்லை. நாலாம் தேதி பிள்ளை வருவாளே.

வீட்டுக்கு ஒருத்தர் அவளுக்கு இருமல் வரவைக்க வந்தார்கள். ஒருத்தி காய்ந்த மிளகாயை அவள் மூக்குக்கு நேராகத் தாளித்தாள், ஒருத்தர் மூக்குப்பொடி கொடுத்தார், ஈரத்தலையோடு வாசலில் உட்காரவைத்தார்கள், எருமைத் தயிராகக் கரைத்துக் கொடுத்தார்கள். தும்மல்தான் வந்தது. தும்மலை இருமலாக எடுத்துக்கொள்ளலாமா என்று இரண்டு கட்சியும் சேர்ந்து ஒரு காலை முழுவதும் கூட்டம் போட்டார்கள். ஆறுமுகநயினார் எழுந்து, "தகட்டுல தும்மல்னு எங்கவே இருக்கு?" என்று கேட்டுவிட்டு உட்கார்ந்தார். நாற்பது வருஷத்தில் சொரிமுத்து அண்ணாச்சி அவருக்குத் தலையாட்டியது அன்றைக்குத்தான்.

நாலாம் தேதி காலை பத்து மணிக்கு ஈரங்கோட்டைக் கூடை வந்தது. அந்தப் பக்கம் வண்டி என்றால் அதுதான், பெரிய பிரம்புக்கூடை, அதை இழுப்பது வீட்டில் வளர்த்த ஒரு குட்டி மேகம். கூடைக்காரர் இசக்கி கெட்டிலில் வெந்நீர் வைத்து ஆவி காட்டக்காட்ட அது ஏறும். ஆனால் எந்த மேகமும் பழகின உயரத்துக்கு மேல் போகாது, கூர்மலை உச்சிக்கு வந்ததும் நின்றுவிட்டது, ஆவி காட்டினால் முகத்தைத் திருப்பிக்கொண்டது.

ஊர் விளிம்பில் எல்லாரும் குப்புறப் படுத்து எட்டிப் பார்த்தார்கள். எவ்வளவோ கீழே, தட்டுக்கூடை அளவுக்கு, அதில் மூன்று தலை.

"எம்மா!" என்று பொற்கொடி கத்தினாள். "ஊரைத் தூக்கிட்டு எங்கம்மா போறீங்க?"

"ஏட்டி, அசையாம உக்காரு! குனிஞ்சு பாக்காத!"

"நான் நிமிந்துதாம்மா பாக்குதேன்!"

"சம்பந்தி!" என்று வெயிலம்மாள் மரியாதை விடாமல் கூப்பிட்டாள். "நல்லாருக்கீங்களா? மேல வெயில் எப்படி?"

"நல்ல வெயில் சம்பந்தி. அப்பளம் ஒரு நிமிஷத்துல காயுது."

"கொடுத்து வச்சவங்க. எங்க வீட்டுல போன வருஷத்து அப்பளமே இன்னும் காயுது." பிறகுதான் விஷயத்துக்கு வந்தாள். "சம்பந்தி, பிள்ளைக்கு வலி எடுத்துட்டுது. கிளம்பும்போதே இடுப்பப் பிடிக்குதுன்னா, நான் சூட்டுவலின்னு நினைச்சிட்டேன். இப்ப நிமிஷத்துக்கு நிமிஷம் வருது. திரும்பிப் போகவும் நேரமில்ல. இதுக்குள்ள நான் எப்படிப் பாப்பேன், கால நீட்டக்கூட இடமில்லியே."

ஊர்க்கிணற்றுக் கயிறு, கோயில் மணிக்கயிறு, தேர்வடம், எல்லாவற்றையும் முடிந்து இறக்கினார்கள். எட்டவில்லை. பெண்கள் ஓடிப்போய்ச் சேலை கொண்டுவந்தார்கள். ஒரு சேலையை முடிந்து இறக்குவதற்குள் ஊர் ஒரு சேலை ஏறிவிடும். இன்னொரு சேலை முடிந்தார்கள், ஊரும் இன்னொரு சேலை ஏறியது. பீரோவில் கற்பூரம் போட்டு வைத்திருந்த கல்யாணப் பட்டு எல்லாம் வந்தது, பஞ்சாயத்து ஆபீஸ் ஜன்னல் திரை வந்தது, செண்பகவடிவின் வீட்டுக்காரர் கட்டியிருந்த வேட்டியையே அவிழ்த்துக் கொடுத்துவிட்டுத் துண்டோடு நின்றார். கயிற்றின் நுனிக்கும் கூடைக்கும் நடுவில் எப்போதும் அதே இடைவெளி, கூடிய பாடில்லை, குறைந்த பாடில்லை.

"எம்மா..." என்று கீழே இருந்து வந்த சத்தம் இப்போது வேறு மாதிரி இருந்தது. பெற்றவளுக்குத் தெரியும் அந்தச் சத்தம்.

செண்பகவடிவு எழுந்து நின்று ஊரைப் பார்த்துக் கைகூப்பினாள். "எல்லாரும் எனக்கு மாப்பு கொடுக்கணும். நான் கஷாயம் குடிச்சிட்டேன்."

சொரிமுத்து அண்ணாச்சி மெதுவாகக் கேட்டார். "எத்தன நாளு, தாயி?"

"பதினோரு நாள் அண்ணாச்சி. காலைலயும் சாயங்காலமும்."

"தேன் கலந்தா?"

"கலந்துதான்."

"தேன் வேற கலந்திருக்கா!" என்று கூட்டம் முழுக்க ஒரு பெருமூச்சு ஓடியது.

"எம் பேரப்பிள்ளைக்கு ஒட்டிரப்படாதுன்னு குடிச்சேன்" என்றாள்.

ஆறுமுகநயினார் கம்பை ஊன்றிக்கொண்டு முன்னால் வந்தார். "வையிறத நாளைக்கு வச்சுக்கிடுவோம். நாளைக்கு நான் மொத ஆளா வந்து வையிதேன். இப்ப நீ பாடு தாயி. பல்லவிய எடுத்தா இன்னொரு பனை ஏறிரும், மூணாஞ் சரணத்த மட்டும் எடு. அந்த எடம் வரும்போது நாங்க எல்லாருமா இருமுதோம். யாரு இருமலாவது உன்னத் தொத்தாமலா போகும்?"

செண்பகவடிவு விளிம்பில் நின்று, அம்மனை நினைத்து, மகளைப் பார்த்துக்கொண்டே மூன்றாவது சரணத்தை எடுத்தாள். குரல் நடுங்கியது, கண்ணில் தண்ணீர் கொட்டியது, அன்றைக்கு மாதிரி அந்தச் சரணத்தை யாரும் பாடிக் கேட்டதில்லை என்று தங்கபுஷ்பம் மதினி சொன்னாள், அவள் என்னமோ நேரில் நின்று கேட்ட மாதிரி. அந்த இடம் வந்தது. ஊரே இருமியது. முந்நூறு வீட்டு ஆணும் பெண்ணும் பிள்ளைகுட்டியும் வறட்டு இருமல், சளி இருமல், கக்குவான், புகையிலை இருமல், பள்ளிக்கூடத்துக்கு லீவு கேட்கிற இருமல் என்று தெரிந்ததெல்லாம் இருமினார்கள்.

"எம்மா, அங்க ஊரா ஆஸ்பத்திரியா?" என்று வலிக்கு நடுவில் கத்தினாள் பொற்கொடி.

செண்பகவடிவுக்கு இருமல் தொற்றவில்லை. கடைசி எழுத்தை விடாமல் இழுத்துக்கொண்டே நின்றாள், மூச்சு முடியப்போகிறது. ஆறுமுகநயினார் பார்த்தார். இந்த எண்பது வயசு வரைக்கும் வறட்டு இருமலைத் தவிர வேறு இருமல் அவர் வாயில் வந்ததில்லை, வேட்டியில் தீப்பிடித்தாலும் கொள்கையை விடாத மனுஷன். கீழே ஒரு தடவை எட்டிப் பார்த்தார், எதிரே சொரிமுத்து அண்ணாச்சியை ஒரு தடவை பார்த்தார், கண்ணை இறுக்கி மூடிக்கொண்டு, அடிவயிற்றில் இருந்து கொழகொழவென்று ஒரு சளி இருமல் இருமினார். பழக்கமில்லாத ஆள், அந்த வேகம் அவருக்குத் தெரியாது. இருமலோடு சேர்ந்து அவருடைய பல்செட்டும் வெளியே வந்தது, வெயிலில் மின்னிக்கொண்டு விளிம்பைத் தாண்டிக் கீழே போனது.

எல்லாரும் அது போன திசையையே பார்த்தார்கள். பிறகு கீழேயிருந்து பொற்கொடியின் குரல்.

"எம்மா! எம் மடியில யாரு பல்லோ விழுந்திருக்கு!"

உடனே வெயிலம்மாள், "சம்பந்தி, இது சீர்வரிசையா?" என்று கேட்டாள்.

செண்பகவடிவு சிரித்துவிட்டாள். கண்ணீரும் மூக்குமாக, பிடித்திருந்த கடைசி எழுத்து உடைந்து, வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தாள், அது அவள் வரவழைத்த சிரிப்பு இல்லை, கொண்டல்சாமிக்கு இருமல் வந்ததுபோல அதுவாக வந்தது. சிரித்த அந்த நிமிஷம், பொங்கி வருகிற பாலில் ஒரு கை தண்ணீர் தெளித்தமாதிரி, ஊர் அடங்கி நின்றுவிட்டது.

பூசாரி உட்கார்ந்து தரையைத் தொட்டுப் பார்த்தார். "நின்னுட்டு" என்றார்.

பிறகு ஒரு சேலை முடிந்தார்கள், அது எட்டியது. ஊரே சேர்ந்து இழுத்தது. கூடை விளிம்புக்கு வரவும் வலி முற்றவும் சரியாக இருந்தது, வீடு வரைக்கும் போக நேரமில்லை, மறைப்பாகக் கட்டவும் ஊரில் ஒரு சேலை மிச்சமில்லை, எல்லாம் கயிற்றில் இருந்தது. அதனால் பெண்கள் அத்தனை பேரும் கையைக் கோத்துக்கொண்டு வெளிப்பக்கம் பார்த்து வட்டமாக நின்றார்கள், அந்த வட்டத்துக்குள் பொற்கொடிக்குப் பெண் குழந்தை பிறந்தது. பல்செட்டை வெயிலம்மாள் முந்தானையில் முடிந்து கொண்டுவந்து, வெந்நீரில் அலசி, "இந்தாங்க, பத்திரமா வச்சுக்கிடுங்க" என்று ஆறுமுகநயினார் கையில் கொடுத்தாள். சொரிமுத்து அண்ணாச்சி அவருக்காக ஓடிப்போய் ஒரு கிண்ணம் கொண்டுவந்தார்.

ஊர் அந்த உயரத்திலேயே இருந்துவிட்டது. சோறு வேக நேரமாகும், ஆனால் அப்பளம் நன்றாக வருகிறது, ஒன்று போனால் ஒன்று. ஆறுமுகநயினார் சொன்னபடி மறுநாள் முதல் ஆளாக வந்து கஷாயத்துக்காகச் செண்பகவடிவை வைதார், வைது முடித்து, குழந்தையைப் பார்த்துவிட்டு, அவள் கொடுத்த காப்பியைக் குடித்துவிட்டுப் போனார்.

கீர்த்தனையைத்தான் சும்மா விடவில்லை. அந்த வாரமே இரண்டு கட்சிக்காரர்களும் தகட்டில் "இருமல்" என்று இருந்ததை அடித்துவிட்டு "சிரிப்பு" என்று வெட்டினார்கள். வெட்டி முடிப்பதற்குள் பல் தெரியச் சிரிப்பவர்கள், வாய் மூடிச் சிரிப்பவர்கள் என்று புதிதாக இரண்டு கட்சி உண்டாகிவிட்டது. எது சரி என்று கேட்க இருபது பேர், தகட்டையும் உளியையும் தூக்கிக்கொண்டு, நடுப்பகலில் திமுதிமுவென்று செண்பகவடிவு வீட்டுக்கு வந்தார்கள். அவள் அடுப்படியில் பிள்ளை பெற்றவளுக்குப் பூண்டுக்குழம்பு வைத்துக்கொண்டிருந்தாள். கரண்டியோடு வெளியே வந்து, உதட்டில் விரலை வைத்து, "சத்தம் போடாதீங்க, பிள்ளை தூங்குது" என்றாள்.

அவர்கள் குரு பக்தி உள்ளவர்களின் வம்சம். அதையும் விடாமல் எழுதிக்கொண்டார்கள்.

இன்றைக்கும் வெண்முகில்பட்டியில் ஏறுமுகக் கீர்த்தனை அப்படித்தான் முடிகிறது. மூன்று சரணம் பாடி, பாடுகிறவர் சிரிப்பு தானாக வருகிற வரைக்கும் காத்திருந்து சிரித்து, ஊர் நின்ற பிறகு, உதட்டில் விரலை வைத்து, "சத்தம் போடாதீங்க, பிள்ளை தூங்குது" என்று சொல்வார். உடனே முந்நூறு வீட்டு ஜனமும் செருப்பைக் கையில் எடுத்துக்கொண்டு, முன்காலால் நடந்து, கதவைக்கூடச் சத்தமில்லாமல் சாத்திக்கொண்டு வீட்டுக்குள் போவார்கள். எந்தப் பிள்ளை என்று யாரும் கேட்பதில்லை.

என் பெரிய மகளுக்கு இது ஒன்பதாம் மாதம். பேர் உமையாள். நாளைக் காலையில் உங்கள் வீட்டில் விளக்கேற்றும்போது, அவள் பேரையும் ஒரு தடவை சொல்லிவிடுங்கள்.